அமெரிக்க நெடுஞ்சாலை நூல்களும் கிறித்தவ அமைதிவாத மரபும்

1982ஆம் ஆண்டில் அமெரிக்காவில் இரண்டு சாலை நூல்கள் வெளிவந்தன. ஒன்று, வில்லியம் லீஸ்ட் ஹீட்-மூன் எழுதிய ‘புளூ ஹைவேஸ்’. மற்றொன்று, ‘பீஸ் பில்கிரிம்’ (அமைதிப் பயணி) என்ற பெயரால் மட்டுமே தம்மை அறிமுகப்படுத்திக்கொண்ட ஒரு பெண்மணியின் பேச்சுகளையும் கடிதங்களையும் அவர் இறந்தபின் நண்பர்கள் தொகுத்த நூல். முன்னவர் ஒரு வேனில் ஏறத்தாழ 13,000 மைல் சுற்றினார். பின்னவர் 25,000 மைல் நடந்து முடித்ததும் கணக்கிடுவதை நிறுத்திவிட்டு, மேலும் நடந்தார். முன்னது கடைகளில் நன்கு விற்றது. பின்னது இன்றும் கேட்பவர்க்கு விலையின்றி வழங்கப்படுகிறது.

நூலகங்களில் இவ்விரண்டும் அருகருகே இருப்பதில்லை. ஒன்று பயண இலக்கியம், மற்றது ஆன்மிகம் என்று பிரித்துவிடுகிறார்கள். இந்தப் பிரிவினையால் இரு வகை நூல்களுக்குமே இழப்பு என்பது இக்கட்டுரையின் கருத்து. அமெரிக்கச் சாலை நூல்கள் பெரும்பாலும் ‘இந்தச் சாலை என்னை எங்கே கொண்டு சேர்க்கும்?’ என்று கேட்கின்றன. போரை மறுக்கும் கிறித்தவ மரபிலிருந்து வந்த நூல்களோ ‘என் பயணத்தின் செலவு யார் தலையில் விழுகிறது?’ என்று கேட்கின்றன. இரண்டாவது கேள்வியைக் கையில் வைத்துக்கொண்டு முதல் வகை நூல்களைப் படித்தால் அவற்றின் அழகும் குறையும் வேறு விதமாகத் தெரிகின்றன.

வுல்மன் நடந்த வழி

மலைப்பொழிவில் இயேசு சொன்னதை அப்படியே வாழ்க்கை விதியாகக் கொண்டு, ஆயுதம் ஏந்துவதில்லை என்று முடிவெடுத்த சபைகளுள் குவேக்கர், மென்னோனைட், பிரதரன் ஆகிய மூன்றும் அமெரிக்காவில் முதன்மையானவை. இம்மரபின் சாலை இலக்கியத்திற்கு மூலநூல் என்று ஒன்றைச் சொல்வதானால், ஜான் வுல்மனின் நாட்குறிப்பைத்தான் சொல்ல வேண்டும். வுல்மன் (1720–1772) நியூ ஜெர்சியைச் சேர்ந்த குவேக்கர், தையற்காரர். அவர் இறந்து இரண்டாண்டுகள் கழித்து, 1774இல் நூல் அச்சேறியது. அப்போது நெடுஞ்சாலை என்று சொல்லத்தக்க சாலையே அமெரிக்காவில் அரிது.

1763இல், எல்லைப்புறத்தில் போர் மூண்டிருந்த வேளையில், அவர் பென்சில்வேனியக் காடுகள் வழியே வயலூசிங் என்ற பூர்வகுடிக் குடியிருப்புக்குச் சென்றார். அவர் சென்ற பாதை போர்வீரர்கள் பயன்படுத்திய பாதை. வழியில் பெரிய மரங்களின் பட்டையை ஒருபுறம் உரித்து, போருக்குச் செல்வோரையும் மீள்வோரையும் மடிந்தோரையும் வண்ணத்தில் தீட்டியிருந்தார்கள். வுல்மன் அந்த ஓவியங்களின் முன் நின்று, போர் இரு தரப்புக்கும் தரும் துயரை எண்ணிப் பார்க்கிறார். பின்னொரு நாள் ஒருவர் கைக்கோடரியை மறைத்து வைத்துக்கொண்டு வருகிறார். வுல்மன் நட்போடு பேசிக்கொண்டே அவரை நோக்கிச் செல்கிறார். நிகழ்ச்சியைப் பெரிதாக்காமல் சில வரிகளில் சொல்லிவிட்டு நகர்கிறார். எதிரே வந்தவரும் தற்காப்புக்காகவே ஆயுதத்தோடு வந்தார் என்று அவர் பக்கத்து நியாயத்தையும் எழுதுகிறார். சாகசக் கதையாக வளர்ந்திருக்கக்கூடிய இடம் அது.

நடை அவருக்கு உடற்பயிற்சியோ சிக்கனமோ அன்று. 1766இல் மேரிலாந்துப் பகுதியில் அடிமை வைத்திருந்தோரைக் காணக் கால்நடையாகவே போனார். அடிமைகளின் நிலையைத் தம் உடலாலும் ஓரளவு உணர வேண்டும் என்பது அவர் எண்ணம். 1772இல் இங்கிலாந்துக்குப் போனபோது, வேகத்திற்காக அஞ்சல் வண்டிகளில் குதிரைகள் சாகும் அளவுக்கு ஓட்டப்படுவதையும், வண்டி ஓட்டும் சிறுவர்கள் குளிரில் வதைபடுவதையும் அறிந்து, வண்டியில் ஏறவும் மறுத்தார், அதில் கடிதம் அனுப்பவும் மறுத்தார். லண்டனிலிருந்து யார்க் வரை நடந்தே போய், அங்கே பெரியம்மை கண்டு இறந்தார். வேகத்தின் விலையை வேறொருவர் தருகிறார் என்பதை இவ்வளவு தெளிவாகக் கண்ட பயணி அதன் பிறகும் அதிகம் பேர் இல்லை.

சாலையும் படையும்

இன்றைய அமெரிக்கப் பெருஞ்சாலைகளுக்கும் போருக்கும் உள்ள உறவு வெளிப்படையானது. 1919இல் வாஷிங்டனிலிருந்து சான் பிரான்சிஸ்கோவுக்கு ஒரு படை வாகன அணி 62 நாட்கள் தட்டுத்தடுமாறிச் சென்றது. அதில் இருந்த இளம் அதிகாரி ஐசனோவர். பின்னாளில் அவர் குடியரசுத் தலைவராக இருந்தபோது, 1956இல் 41,000 மைல் சாலைத் திட்டத்துக்கான சட்டம் நிறைவேறியது. அத்திட்டத்தின் முழுப்பெயரிலேயே ‘பாதுகாப்பு’ என்ற சொல் இருக்கிறது. எர்ல் ஸ்விஃப்டின் ‘தி பிக் ரோட்ஸ்’ (2011) இந்தக் கதையை நன்றாகச் சொல்கிறது. ஐசனோவரைவிடப் பொறியாளர்களுக்கே பெருமை சேர வேண்டும் என்று வாதிடுகிறது. நகர்ப்புறச் சாலைகளுக்காக வீடிழக்க இருந்தவர்களின் எதிர்ப்பையும் பதிவு செய்கிறது.

இந்த வரலாற்றில் அதிகம் பேசப்படாத ஒரு பக்கமும் உண்டு. இரண்டாம் உலகப் போரின்போது மனச்சான்றின் பேரில் படைச்சேவையை மறுத்த ஏறத்தாழ 12,000 பேர் 1941 முதல் பொதுப்பணி முகாம்களில் ஊதியமின்றி வேலை செய்தார்கள். செலவின் பெரும்பங்கை அமைதிச் சபைகளே ஏற்றன. அம்முகாம்களில் சில, வெர்ஜீனியா, வட கரோலினா மலைகளில் புளூ ரிட்ஜ் பார்க்வே என்ற சாலையின் பணிகளுக்கானவை. இன்று சுற்றுலாப் பயணிகள் இலையுதிர்கால வண்ணம் பார்க்கப் போகும் சாலை அது.

இரண்டு 1982 நூல்கள்

ஹீட்-மூன் கல்லூரி வேலையை இழந்தவர், மணவாழ்வு முறிந்தவர். 1978 மார்ச்சில் ‘கோஸ்ட் டான்சிங்’ என்று பெயரிட்ட தமது வேனில் புறப்பட்டார். பழைய வரைபடங்களில் நீலநிறத்தில் காட்டப்பட்ட சிறு சாலைகளில் மட்டும் போவது என்பது திட்டம். பெயர் பிடித்திருந்தால் அந்த ஊருக்குப் போவார். டென்னசியில் ‘நேம்லெஸ்’ (பெயரில்லா ஊர்), டெக்சாசில் ‘டைம் பாக்ஸ்’ என்று ஊர் ஊராக மனிதர்களைப் பேசவிட்டு, அவர்கள் பேச்சை அப்படியே தருகிறார். கேட்கும் காது என்ற வகையில் இதற்கு இணையான அமெரிக்கப் பயண நூல் குறைவு. ஜாக் கெருவாக்கின் ‘ஆன் த ரோட்’ (1957) நூலைவிட இது எனக்கு உயர்ந்ததாகவே படுகிறது. கெருவாக்கின் வேகத்தில் ஊர்கள் வெறும் ஒளிப்புள்ளிகளாக மறைந்துவிடுகின்றன.

ஆனால் ஹீட்-மூன் எப்போதும் கிளம்பிவிடக்கூடியவர். ஜார்ஜியாவில் கோனியர்ஸ் என்ற ஊரிலுள்ள டிராப்பிஸ்ட் துறவியர் மடத்தில் தங்கி, முன்பு நியூயார்க்கில் காவலராக இருந்த ஒரு துறவியோடு பேசுகிறார். நூலின் சிறந்த பகுதிகளுள் ஒன்று அது. ஒரே இடத்தில் நிலைத்திருப்பதைத் தேர்ந்துகொண்டவரை, நிலைகொள்ளாதவர் விசாரிக்கிறார். பதில்கள் அவரைத் தொடுகின்றன, மாற்றவில்லை. மறுபடி சாவியைத் திருகுகிறார். வேனில் படுக்கை இருக்கிறது. அதனால் யாரிடமும் இரவு தங்க இடம் கேட்க வேண்டிய கட்டாயம் அவருக்கு இல்லை.

பீஸ் பில்கிரிமுக்கு அந்த வசதி கிடையாது. நியூ ஜெர்சியில் 1908இல் பிறந்த மில்ட்ரெட் நார்மன் என்பதே அவர் இயற்பெயர். கொரியப் போர் நடந்துகொண்டிருந்தபோது, 1953 ஜனவரி 1 அன்று கலிபோர்னியாவின் பாசடீனாவிலிருந்து நடக்கத் தொடங்கினார். பணம் இல்லை. சட்டைப்பைகளில் ஒரு சீப்பு, மடக்கும் பல் துலக்கி, சில காகிதங்கள். தங்க இடம் தரும்வரை நடை, உணவு தரும்வரை பட்டினி, எதையும் கேட்பதில்லை. எந்தச் சபையிலும் அவர் உறுப்பினர் இல்லை. எனினும் தீமைக்குத் தீமையால் மறுமொழி தரலாகாது என்ற அவர் கொள்கை பவுல் ரோமருக்கு எழுதிய நிருபத்தின் எதிரொலியே.

நூலாக இது ஏமாற்றம் தருகிறது. தொகுத்தவர்கள் தலைப்பு வாரியாக அடுக்கியதால் சாலை மறைந்து போதனை மிஞ்சுகிறது. இத்தனை ஆயிரம் மைல் நடந்தவரின் நூலில் ஓர் ஊரின் வாசனைகூட நினைவில் நிற்பதில்லை. அத்திபூத்தாற்போல் வரும் நிகழ்ச்சிகள்தாம் நூலைக் காப்பாற்றுகின்றன. குளிர்ந்த இரவில் ஒருவர் தம் காரில் இடம் தருகிறார். அவர் எண்ணம் நல்லதன்று. இவரோ நம்பிக்கையோடு சுருண்டு தூங்கிவிடுகிறார். அந்த மனிதர் பிறகு தம் கெட்ட நோக்கத்தைத் தாமே ஒப்புக்கொள்கிறார்.

இந்த இடத்தில் மாணவர்கள் நின்று ஒரு கேள்வி கேட்க வேண்டும். அந்நியரை நம்பி நடக்கும் இந்த வழி எல்லோருக்கும் திறந்திருந்ததா? அவர் வெள்ளையினப் பெண். அவர் நடந்த அதே ஆண்டுகளில் கறுப்பினத்தவர் ‘கிரீன் புக்’ என்ற கையேட்டை வைத்துக்கொண்டுதான் கார் ஓட்டினார்கள். எந்த ஊரில் எந்த விடுதி தங்களைச் சேர்க்கும் என்று அறிய 1936 முதல் அது வெளிவந்தது. அதே சாலையில் பணமின்றி நடக்கும் கறுப்பின இளைஞனுக்கு என்ன நேர்ந்திருக்கும் என்று கற்பனை செய்யத் தேவையில்லை. பீஸ் பில்கிரிமின் துணிவை இது குறைக்காது. ஆனால் எல்லோரிடமும் நன்மை உண்டு, அது வெளிப்படும் என்ற அவருடைய உறுதி யாருடைய அனுபவத்திலிருந்து பிறந்தது என்பதைக் காட்டுகிறது.

ஜான் லூயிஸ்

இந்தக் கேள்விக்கு விடை தரும் நூல், சாலை நூல்களின் பட்டியலில் யாரும் சேர்க்காத ஒன்று: ஜான் லூயிஸ், மைக்கேல் டி’ஓர்சோவுடன் எழுதிய தன்வரலாறு ‘வாக்கிங் வித் த விண்ட்’ (1998). 1951இல் சிறுவன் லூயிஸ் தன் மாமாவோடு அலபாமாவிலிருந்து வடக்கே பஃபலோ நகருக்குக் காரில் போகிறான். எங்கே நிறுத்தலாம், எங்கே கழிப்பறையைப் பயன்படுத்தலாம் என்று முன்கூட்டியே கணக்கிட்ட பயணம். உணவும் வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு போகிறார்கள். ஒஹாயோ வந்த பிறகுதான் மாமாவின் முகத்தில் இறுக்கம் தளர்கிறது. ஹீட்-மூன் சுதந்திரமாகத் திரிந்த நீலச் சாலைகளின் மறுபக்கம் இந்தச் சில பக்கங்களில் இருக்கிறது.

லூயிசுக்கு அகிம்சைப் பயிற்சி தந்தவர் ஜேம்ஸ் லாசன் என்ற மெதடிஸ்ட் போதகர். கொரியப் போருக்கு ஆள்சேர்ப்பை மறுத்துச் சிறை சென்றவர். பிறகு நாக்பூர் ஹிஸ்லாப் கல்லூரியில் பணியாற்றி, காந்தியத்தைக் கற்றுத் திரும்பியவர். அந்தப் பயிற்சியோடு லூயிஸ் 1961இல் பேருந்துப் பயணங்களில் அடிபட்டார். 1965 மார்ச் 7 அன்று செல்மா நகரப் பாலத்தில் மண்டை உடைபட்டார். அன்று முதுகுப்பையில் ஓர் ஆப்பிள், ஓர் ஆரஞ்சு, பற்பசை, பல் துலக்கி, இரண்டு புத்தகங்கள் வைத்திருந்ததாகப் பின்னாளில் பலமுறை சொல்லியிருக்கிறார். சிறைக்குப் போவோம் என்று எதிர்பார்த்துக் கட்டிய பை அது. புத்தகங்களில் ஒன்று டிராப்பிஸ்ட் துறவி தாமஸ் மெர்ட்டன் எழுதியது.

இரண்டு வாரம் கழித்து நீதிமன்ற அனுமதியோடு மாண்ட்கமரி நோக்கி 54 மைல் நடை தொடங்கியது. அமெரிக்க நெடுஞ்சாலை 80, செல்மாவுக்கு அப்பால் இருவழிச் சாலையாகக் குறுகும் இடத்தில் 300 பேருக்கு மேல் நடக்கக்கூடாது என்பது நீதிபதி விதித்த நிபந்தனை. சாலை மீண்டும் நான்கு வழியாக விரிந்த பின் யாரும் சேர்ந்துகொள்ளலாம். மார்ச் 25 அன்று அவர்கள் மாண்ட்கமரியை அடைந்தபோது கூட்டம் ஏறத்தாழ 25,000 ஆகியிருந்தது.