‘பொது மன்னிப்பு’: ஒரு கலைச்சொல்லின் பொருத்தம்

அரசியல் கிளர்ச்சிக் காலக் குற்றங்களுக்குச் சலுகை காட்டலாமா என்னும் வினா தமிழில் பெரும்பாலும் ‘பொது மன்னிப்பு’ என்னும் தொடர் வழியாகவே எழுப்பப்படுகிறது. ஆங்கில ‘ஆம்னெஸ்டி’ என்பதற்கு நிகரனாக இத்தொடர் நிலைபெற்றுள்ளது. இந்நிகரன் வினாவையே திசைமாற்றிவிடுகிறது என்பதற்குத் தென்னாப்பிரிக்கச் சட்டம் தக்க சான்றாகும்.

மூலச்சொல் கிரேக்கத்தில் ‘மறதி’ என்னும் பொருளது. கி.மு. 403இல் ஏதென்சில் உள்நாட்டுப் பூசல் முடிவுற்றபோது, பழைய தீங்குகளை நினைந்து பழிதீர்ப்பதில்லை எனக் குடிமக்கள் சூளுரைத்தனர். தமிழ் ‘மன்னிப்பு’ வேறு வகையது. ‘பாவமன்னிப்பு’ என்னும் சமய வழக்குக் காட்டுவதுபோல, அது தவறியவரின் கழிவிரக்கத்தை எதிர்நோக்குவது. திருக்குறள் (152) பொறுத்தலையும் மறத்தலையும் வெவ்வேறாகப் பிரித்து, மறத்தலை உயர்த்திக் கூறுகிறது. அங்கு இரண்டுமே தீங்குற்றவர் செயல்கள். அரசின் செயல்கள் அல்ல.

தென்னாப்பிரிக்காவின் 1995ஆம் ஆண்டுத் தேசிய ஒற்றுமை, நல்லிணக்க மேம்பாட்டுச் சட்டம் மறதியையும் கேட்கவில்லை, கழிவிரக்கத்தையும் கேட்கவில்லை. செயல் அரசியல் நோக்குடையதாதல், உண்மைகளை முழுமையாக வெளியிடுதல் ஆகியனவே அதன் முதன்மை நிபந்தனைகள். சலுகை ‘பொது’வும் அன்று, ஒவ்வொருவரும் தனித்தனியே விண்ணப்பித்தனர். 7,000க்கு மேற்பட்ட விண்ணப்பங்களுள் சிறுபகுதியே ஏற்கப்பட்டது. ஏற்கப்பட்டவரின் குற்றவியல் பொறுப்போடு உரிமையியல் பொறுப்பும் நீங்கியது.

1977இல் காவலில் இறந்த ஸ்டீவ் பிக்கோவின் குடும்பத்தாரும் பிறரும் இச்சட்டத்தை எதிர்த்து வழக்காடினர். நீதிமன்றத்தை அணுகும் உரிமை பறிக்கப்படுகிறது என்பது அவர்தம் வாதம். சலுகையின்றி உண்மை வெளிவராது என்னும் அடிப்படையில் அரசியலமைப்பு நீதிமன்றம் 1996இல் சட்டத்தை நிலைநிறுத்தியது. எனினும் பிக்கோ வழக்கில் விண்ணப்பித்த காவலர்களுக்கு 1999இல் சலுகை மறுக்கப்பட்டது. நிபந்தனை வெற்றுரையன்று என்பதை இது காட்டுகிறது. ஆயின் மறுக்கப்பட்டோருள் பலர்மீது பின்னர் வழக்குத் தொடரப்படவில்லை. உண்மை கூறாமலே கிடைத்த இச்சலுகைதான் மூலச்சொல் குறிக்கும் மறதிக்கு நெருங்கியது.

ஆகவே இச்சட்டம் பற்றிய மொழிபெயர்ப்பில் ‘மன்னிப்பு’ பொருந்தாது. ‘நிபந்தனைச் சட்டப்பொறுப்பு விடுவிப்பு’ என்பது ஓசை நயமற்றதாயினும் பொருட்செறிவுடையது. உண்மைக்கு ஈடாக அரசு விட்டுக்கொடுக்கத்தக்கது தன் தண்டிக்கும் அதிகாரமே. மன்னிக்கும் உரிமை தீங்குற்றவருடையது. அரசின் சலுகையை ‘மன்னிப்பு’ எனப் பெயர்க்குமிடத்து, அவர் அளிக்காத ஒன்றை அவர் பெயரால் மொழிபெயர்ப்பாளர் அளித்தவராகிறார்.