யுகங்கள் சந்திக்கும் குகைகள்

உலகத்துக் கதை மரபுகள் பலவற்றில், வெளியுலகின் காலம் உள்ளே புகாத ஒரு குகையோ மலைப்பிளவோ வருகிறது. அங்கே பழைய யுகத்து மனிதனும் புதிய யுகத்து மனிதனும் நேருக்கு நேர் நிற்கிறார்கள். இக்கதைகளைக் கேட்கும்போது உறங்கினவன் எத்தனை ஆண்டு உறங்கினான் என்ற கணக்கிலே மனம் ஈடுபடுவது இயல்பே. ஆயினும், விழித்தவன் காலம் மாறியதை எதைக் கொண்டு அறிந்தான் என்ற சிறு விவரத்திலேதான் அந்தந்த ஜனசமூகத்தின் உள்ளக்குறை வெளிப்படுகிறது என்பது என் துணிபு.

திருவாரூர்த் தியாகேசரை இந்திரனிடமிருந்து பெற்றுவந்த சக்கரவர்த்தியாக நம்மவர் போற்றும் முசுகுந்தனுக்குப் பாகவதத்தில் வேறொரு சரித்திரம் உண்டு. மாந்தாதாவின் புதல்வனாகிய அவன், தேவர்களுக்கு நெடுங்காலம் காவல் நின்று ஓய்ந்த வேளையில், அவனுடைய மக்களும் மனைவியரும் மந்திரிகளும் குடிகளும் காலத்தின் வாய்ப்பட்டு மறைந்தனர் என்ற செய்தியைத் தேவர்களே அவனுக்குச் சொல்கிறார்கள். அதன்பின் அவன் நாடியது ஒரு குகையும் உறக்கமுமே. கண்ணனைத் துரத்திவந்த காலயவனன், இருளில் கிடப்பவன் கண்ணனே என்று எண்ணிக் காலால் உதைத்து, விழித்தவனின் பார்வையிலே சாம்பலாகிறான். கண்ணனைத் தரிசித்துவிட்டு வெளியே வந்த முசுகுந்தன், மனிதரும் விலங்கும் மரமும் கொடியும் சிறுத்திருக்கக் கண்டு, கலி வந்துவிட்டதென்று தானே தெளிந்து, எவரையும் விசாரியாமல் வடதிசை நோக்கித் தவத்துக்குப் போய்விடுகிறான். யுகம் தேய்ந்துகொண்டே போகிறது என்ற நம் முன்னோரின் ஆழ்ந்த துயரத்தை ஒரு மரத்தின் உயரத்தைக் கொண்டே உணர்த்திவிட்ட வேறு கதையை நான் படித்ததில்லை.

எபேசு நகரத்து எழுவர் கதையிலோ துயரத்துக்கு இடமில்லை. ரோமச் சக்கரவர்த்தி டெசியஸ் (249–251) கிறிஸ்தவர்களைத் துன்புறுத்திய நாளில் குகைக்குள் ஒளிந்து உறங்கிய இளைஞர், இரண்டாம் தியோடோசியஸ் (408–450) காலத்தில் விழித்து, ரொட்டி வாங்க ஒருவனைக் கடைத்தெருவுக்கு அனுப்ப, அவன் நீட்டிய டெசியஸ் காலத்து நாணயம் அவனைக் காட்டிக்கொடுக்கிறது. அவர்கள் எந்த மதத்தின் பொருட்டு அஞ்சி ஓடினார்களோ அந்த மதமே இப்போது அரசனின் மதம். திருக்குர்ஆனின் பதினெட்டாம் அத்தியாயம் இக்குகையின் பெயராலேயே வழங்குகிறது. அங்கும் உணவு வாங்க ஒரு வெள்ளிக்காசு போகிறது.

இவ்வரிசையில் நான் எல்லாவற்றினும் மேலாக மதிப்பது, சீனக் கவி தாவ் யுவான்மிங் ஐந்தாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் எழுதிய பீச்சுமலர் ஊற்றின் வரலாறு. வூலிங் ஊரின் மீனவன் ஒருவன், பூத்துக் குலுங்கும் பீச்சு மரங்களினூடே ஓடம் செலுத்திச் சென்று, ஆள் ஒருவர் மட்டும் நுழையத்தக்க ஒரு மலைத்துளையின் வழியே அப்பால் ஏறினால், வயல்களும் முசுக்கட்டை மரங்களும் மூங்கிலும், சேவல் கூவலும் நாயின் குரைப்புமாக ஒரு கிராமம் விரிகிறது. சின் வம்சத்துக் கொடுங்காலத்தில் தப்பி வந்தவர்களின் சந்ததியார் அவர்கள்; ஏறக்குறைய அறுநூறு ஆண்டுகள் கழிந்தும் ஹான் என்றொரு வம்சம் இருந்ததையே அறியாதவர்கள். மற்றக் கதைகளில் ஒருவன் உறங்கினாலன்றிக் காலங்கள் சந்திப்பதில்லை. இங்கோ எவரும் உறங்கவில்லை. உழுது பயிரிட்டு, பிள்ளை பெற்று வளர்த்து, வந்தவனுக்கு வீட்டுக்கு வீடு விருந்திட்டு, வெளியே நடந்ததைக் கேட்டுப் பெருமூச்செறிகிறார்கள். வம்சங்களின் பெயர்களே இங்கே காலத்தின் அளவுகோல். வம்சம் மாறுவதென்றால் யுத்தம் என்று அறிந்திருந்த தேசத்தில், அந்தப் பெயர்களை அறியாதிருப்பதே பெரும் பாக்கியம் அன்றோ! இவ்வுரைநடையோடு சேர்ந்த செய்யுளில், அறுவடையில் அரசனுக்கு வரி இல்லை என்பதையும் கவி மறவாமல் சொல்லிவைக்கிறார்.

பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்தக் கற்பனையின் போக்கே மாறியது. லயெல் 1830 முதல் 1833 வரை வெளியிட்ட நிலவியல் நூல், பூமியின் அடுக்குகளை அளவிறந்த காலத்தின் ஏடுகளாகப் படிக்க ஐரோப்பியரைப் பழக்கியபின், கீழே இறங்குவதே பின்னோக்கிச் செல்வதாயிற்று. ஜூல் வெர்ன் 1864இல் எழுதிய நாவலில் ஐஸ்லாந்தின் எரிமலை வாயில் இறங்குகிறவர்கள் பாதாளக் கடலில் ஆதிகால ஊர்வனவற்றின் போரைக் காண்கிறார்கள். கானன் டாயில் 1912இல் அதே அதிசயத்தைத் தென்னமெரிக்கப் பீடபூமி ஒன்றின் உச்சிக்கு ஏற்றினார். இரண்டும் விறுவிறுப்பான நூல்களே. ஆனால் முசுகுந்தனும் பீச்சுமலர் ஊற்றின் கிராமத்தாரும் நம்மோடு பேசினார்கள்; இந்தப் புதிய பிரதேசங்களில் பழைய காலம் பெரும்பாலும் வாய் பேசாத ஜந்துவாகிவிட்டது, வருகிறவன் அதை அளந்து குறிப்பெடுக்கிறான். இந்த இழப்பு எனக்குச் சிறிதாகத் தோன்றவில்லை.

கற்பனை என்று தெரிந்தும் ஜனங்கள் இவ்விடங்களைத் தரையிலே தேடாமல் இருந்ததில்லை. ராஜஸ்தானத்துத் தோல்பூர் அருகே முசுகுந்தன் பெயரால் ஒரு தீர்த்தம் இருக்கிறது. எழுவரின் குகை தங்களதே என்று எபேசோடு தார்சுசும் அம்மானும் உரிமை கொண்டாடுகின்றன. எபேசுக் குகையை 1927–28இல் அகழ்ந்தபோது, அவ்வெழுவரின் அருகே துயில விரும்பியவர்களின் கல்லறைகள் நூற்றுக்கணக்கில் வெளிப்பட்டன. திரும்பும் வழியில் மீனவன் இட்ட அடையாளங்களைத் தேடிச்சென்ற அதிகாரியின் ஆட்கள் வழி தவறினார்கள் என்று தாவ் யுவான்மிங் தெளிவாகவே எழுதியிருக்க, ஹூனான் மாகாணத்தில் அந்த ஊற்றின் பெயரைத் தாங்கிய தாவ்யுவான் மாவட்டம் இன்றும் இருக்கிறது.