கத்திரி பிடித்த கை

நல்ல படத்தொகுப்பு கண்ணுக்குத் தெரியாது என்பார்கள். ரேணு சலூஜாவைப் பற்றி வந்த நினைவு நூலின் தலைப்பே ‘இன்விசிபிள்’. பாராட்டுத்தான். ஆனால் நல்ல மருமகள் இருக்கிற இடம் தெரியாமல் இருப்பாள் என்பதும் இதே குரலில் சொல்லப்படும் பாராட்டு என்பதால் எனக்கு உறுத்துகிறது.

புனே திரைப்படக் கல்லூரியில் இயக்கம் படிக்க விரும்பியவர் ரேணு. இடம் கிடைத்தது படத்தொகுப்பில். 1976இல் படித்து முடித்தார். ‘ஜானே பி தோ யாரோ’ (1983), ‘பரிந்தா’ (1989) போன்ற படங்களைத் தொகுத்தார். நான்கு தேசிய விருதுகள் பெற்றார். ‘ஹே ராம்’ (2000) அவர் தொகுத்த படம். அந்த ஆண்டு ஆகஸ்டிலேயே புற்றுநோயில் இறந்தார், 48 வயதில். திண்டுக்கல்லில் என் மாணவிகளிடம் ‘ஹே ராம்’ என்றால் கமலைச் சொல்வார்கள், இளையராஜாவைச் சொல்வார்கள். சின்னாளப்பட்டிச் சுங்குடிக்கு ஊர்ப் பெயர் உண்டு. முடிச்சுப் போட்டவள் பெயர் யாருக்குத் தெரியும்?

பெயரை மீட்டதோடு நாம் நின்றுவிடுகிறோம் என்பதுதான் என் சங்கடம்.

‘பேண்டிட் குயின்’ (1994) படத்தில், பூலானை அடைத்துவைத்து வல்லுறவு செய்யும் காட்சி. கதவு திறக்கிறது, ஒருவன் வருகிறான், மூடுகிறது, மறுபடி திறக்கிறது. கதவு திறக்கத் திறக்கக் கொடுமை நமக்குள் ஏறுகிறது. எத்தனை முறை திறக்கும், எப்போது நிற்கும் என்பதெல்லாம் தொகுப்பு மேசையில் முடிவாகிற விஷயம். பிறகு அவளை நிர்வாணமாகத் தண்ணீர் எடுக்கக் கிணற்றுக்கு அனுப்புகிறார்கள். இங்கே கதவு இல்லை. ஊர் பார்க்கிறது, நாமும் ஊரோடு நின்று பார்க்கிறோம். என் கணக்கில் அந்தக் காட்சி நீளம். ஊரின் பார்வையைக் குற்றம் சொல்ல வந்த படம் அந்தப் பார்வையை நமக்கு இரவல் கொடுத்துவிடுகிறது.

உயிரோடிருந்த பூலான் தேவி படத்தை எதிர்த்து நீதிமன்றம் போனார். அவருடைய ஒப்புதல் இல்லாமல் அவர் பட்ட கொடுமையைக் காட்டலாமா என்று அருந்ததி ராய் எழுதினார். கேள்விகள் இயக்குநர் சேகர் கபூரைத்தான் சுற்றின. கடைசி முடிவு இயக்குநருடையதுதான், மறுக்கவில்லை. அதற்காகக் கதவுக் காட்சிக்கு ரேணுவைக் கொண்டாடிவிட்டு, கிணற்றுக் காட்சி வந்ததும் ‘பாவம், சொன்னதைச் செய்தவர்’ என்று ஒதுக்கினால், அவரை மறுபடியும் கண்ணுக்குத் தெரியாதவராக்குகிறோம். எங்கே நிறுத்த வேண்டும் என்று துல்லியமாகத் தெரிந்த கை அது. ஓர் ஆண் கலைஞனிடம் கேட்பதைப் போலவே அவரிடமும் கேட்கிறேன்: அந்தக் கிணற்றடியில் ஏன் சில நொடிகள் முன்னாலேயே வெட்டவில்லை?