டிராகன் ஆவதற்கு என்ன விலை?

கற்பனை உலகில் வேடமேற்று ஆடும் வீடியோ கேம்களைப் பற்றி இன்று பேசுவோரிடம் ஒரு கருத்து வலுத்து நிற்கிறது. ஆடுபவர் நினைத்த நொடியில் டிராகனாக மாறவேண்டும், வேண்டாமென்றால் அடுத்த நொடியே மனிதராகத் திரும்பவேண்டும், அதுதான் முழுமையான கேம் என்கிறார்கள். இடையில் தடையோ தண்டனையோ வைத்தால் அதைப் பழைய காலத்துக் குறையாகக் காண்கிறார்கள். கல்முனைக்குடியிலும் சாய்ந்தமருதிலும் மருதமுனையிலும் இரவிரவாக விளையாடும் பிள்ளைகளின் வாயிலும் இதே பேச்சுத்தான். மறுபக்கத்தில், நமது இலக்கியக் கூட்டங்களின் பெரியவர்களுக்கு இந்தத் துறை முழுவதுமே வீண்பொழுது. எதிரெதிராக நின்றாலும் இரு தரப்பாரும் ஒரே பிழையைச் செய்கிறார்கள். உருமாற்றம் என்றால் பலம் பெறுவது என்றே இருவரும் எண்ணுகிறார்கள். பிள்ளைகள் அந்தப் பலத்தை விரும்புகிறார்கள், பெரியவர்கள் அதை வெறுக்கிறார்கள், அவ்வளவே வேறுபாடு.

என் கருத்து வேறு. நல்ல உருமாற்றக் கதை எதுவும் பலத்தைப் பற்றியதல்ல. அந்தப் பலத்துக்காகக் கைவிட வேண்டியதைப் பற்றியது. கேம் துறையில் டிராகன் உருமாற்றம் இந்த உண்மையை மிக ஆழமாகத் தொட்டது 2002 ஆம் ஆண்டில். அதன் பின் வந்தவற்றில் பெரும்பகுதி சரிவு.

நமது மரபு இதை நன்றாக அறியும். மணிமேகலை காயசண்டிகையின் வடிவெடுத்தாள். அந்த வடிவத்தைத் தன் மனைவி காயசண்டிகை என்றே நம்பிய காஞ்சனனின் வாளுக்கு இளவரசன் உதயகுமாரன் பலியானான். இறந்துகிடந்த இடையன் மூலனின் உடலுக்குள் புகுந்த சித்தருக்குத் தம் பழைய உடல் திரும்பக் கிடைக்கவில்லை. அவர் திருமூலராகவே வாழ நேர்ந்தது. ஆயிரத்தொரு இரவுகளில் இஃப்ரீத் என்னும் ஜின்னுடன் மோதும் இளவரசி பாம்பாகி, ஓநாயாகி, சேவலாகி, மீனாகி, கடைசியில் நெருப்பாகி வெல்கிறாள். வென்ற கையோடு சாம்பலாகிறாள். வடதேசத்துப் பழங்கதையில் ஃபாஃப்னிர் தங்கத்தைக் காத்துக் காத்தே டிராகனாகிப் போனான்.

குர்ஆன் மதரஸாவில் நம் பிள்ளைகள் முதலில் கேட்கும் பெரும்பாம்பு மூஸா நபியின் கைத்தடி. அது அல்லாஹ்வின் அத்தாட்சி. கதைகளோடு சேர்த்து எண்ணத் தக்கதல்ல. ஆயினும் ஒன்றை மறக்கக்கூடாது. அந்தத் தடி பாம்பாக நெளிந்தபோது அதைக் கையில் வைத்திருந்தவரே அஞ்சித் திரும்பி ஓடினார். வடிவம் மாறுவதைக் காணும் மனிதனுக்குள் எழவேண்டிய முதல் உணர்வு அச்சம் என்பதற்கு இதைவிடப் பெரிய சான்று வேண்டியதில்லை.

நம் ஊர்க் கவிஞரையும் இங்கே சேர்க்கவேண்டும். கல்முனை சோலைக்கிளியின் தொகுப்புகளின் தலைப்புகளே போதும்: நானும் ஒரு பூனை, காகம் கலைத்த கனவு, பாம்பு நரம்பு மனிதன். எண்பதுகளிலும் தொண்ணூறுகளிலும் கிழக்கு எரிந்துகொண்டிருந்தபோது எழுதப்பட்ட அக்கவிதைகளில் மனிதர் விலங்காவது வீரம் காட்ட அல்ல. மனிதராக இருப்பது தாங்கமுடியாமல் போனதன் அடையாளம் அது. இவரைப் படித்து வளர்ந்த கரையோரத்துக்கு, பலத்துக்காக மட்டும் உருமாறும் கதை வெறும் கூடு என்பது பிறர் சொல்லாமலே விளங்கவேண்டும்.

கேம்களின் தொடக்க காலம் இந்த அறிவோடுதான் இருந்தது. கேரி கைகாக்ஸும் டேவ் ஆர்னசனும் 1974 இல் வெளியிட்ட டஞ்சன்ஸ் அன்ட் டிராகன்ஸ் காகிதமும் பகடையும் கொண்டு ஆடுவது. அதன் வளர்ந்த வடிவத்துக்காக 1978 இல் வந்த விதிநூலில், மந்திரத்தால் பிறரை உருமாற்றினால் அவர் உடல் அந்த அதிர்ச்சியைத் தாங்குமா என்று பகடை உருட்டவேண்டும், தாங்காவிட்டால் மரணம். தாங்கிப் பிழைத்தாலும், மனமும் அந்தப் புதிய விலங்கின் மனமாகிவிடும் அபாயம் தொடரும். 1987 இல் வெளிவந்த நெட்ஹேக்கில் படமே கிடையாது; திரையில் எழுத்துகள் மட்டும். டிராகன் செதிலால் ஆன கவசத்தை அணிந்தபடி உருமாறினால் அந்தக் கவசம் உடலோடு ஒன்றி, ஆடுபவர் அந்த டிராகனாகவே ஆகிவிடுவார். பறக்கலாம், நெருப்பு உமிழலாம். ஆனால் டிராகனுக்குக் கையில்லை. வாளைப் பிடிக்க முடியாது. வேறு பெரிய உருவம் எடுத்தால் அணிந்திருந்த கவசம் உடைந்து சிதறும். ஒன்றைப் பெறும்போதே இன்னொன்றை இழக்கும் இந்தக் கணக்கு வெறும் எழுத்துகளால் ஆன கேமில் இருந்தது. பல கோடி செலவில் செய்த காட்சிகளில் இன்று அது இல்லை.

ஜப்பானின் கேப்கொம் நிறுவனம் 1993 இல் தொடங்கிய பிரெத் ஒஃப் ஃபயர் தொடர்தான் டிராகன் உருமாற்றத்தைத் தன் மையமாகக் கொண்டது. நாயகன் ரியூ டிராகன் குலத்தவன். இரண்டாம் பாகத்தில் அவன் டிராகனானால் சேர்த்துவைத்த மந்திரசக்தி முழுவதும் ஒரே தாக்குதலில் தீர்ந்துபோகும். 1997 இன் மூன்றாம் பாகத்தில் டிராகன் மரபணுக்களைத் தேடியெடுத்து, மூன்று வரை கலந்து, புதுப்புது உருவங்களை ஆக்கலாம். ஒவ்வொரு சுற்றிலும் சக்தி வடிந்துகொண்டே இருக்கும். நுட்பமான அமைப்புத்தான். எனினும் வடிந்த சக்தியை ஒரு சத்திரத்தில் உறங்கி எழுந்தால் மீட்டுக்கொள்ளலாம். திரும்பக் கிடைப்பதைச் செலவு எனலாம், விலை எனக் கூறமுடியாது.

2002 நவம்பரில் பிளேஸ்டேஷன் 2 இல் வந்த ஐந்தாம் பாகமான டிராகன் குவாட்டர், இந்தக் குறையை வேரோடு பிடுங்கியது. இயக்கியவர் மகோட்டோ இகேஹாரா. மனிதர் நிலத்துக்கடியில் வாழும் காலம். வானம் எப்படியிருக்கும் என்று எவரும் கண்டதில்லை. பிறக்கும்போதே ஒவ்வொருவருக்கும் ஒரு பின்னம் குறிக்கப்படுகிறது. ஒருவர் எவ்வளவு உயரலாம் என்பதை அந்தப் பின்னமே முடிவு செய்யும். நாயகன் ரியூவுக்கு 8192 இல் ஒன்று. கூடப் பணியாற்றும் பொஷ்ஷுக்கு 64 இல் ஒன்று. பிறப்பை வைத்து மனிதரின் பெறுமதியை எழுதிவைக்கும் சமூகத்தை இதைவிடச் சுருக்கமாகச் சொன்ன கேமை நான் அறியேன். நச்சுக்காற்றைச் சுத்திகரிக்கும் கருவியாகவே உடல் மாற்றப்பட்ட நீனா என்ற சிறுமியைக் காப்பாற்ற வேண்டுமென்றால், அவளை நிலத்துக்கு மேலே கொண்டுசேர்க்கவேண்டும். அந்தப் பயணத்தில் ரியூவுக்கு டிராகனின் சக்தி வந்துசேர்கிறது.

இங்கேதான் இகேஹாராவின் துணிவு. சக்தி வந்த கணத்திலிருந்து திரையின் ஓரத்தில் ஓர் எண் தோன்றுகிறது. பூச்சியத்தில் தொடங்கி நூறு வீதத்தை நோக்கி ஏறும் எண். நடந்தாலும் சிறிது சிறிதாக ஏறும். டிராகனானால் தாவி ஏறும். குறைப்பதற்கு மருந்தில்லை, மந்திரமில்லை, உறக்கமில்லை. நூற்றைத் தொட்டால் ரியூவை உள்ளிருக்கும் டிராகன் தின்று முடித்துவிடும், ஆட்டம் முடிந்தது. அந்த வடிவத்திலோ பெரும் எதிரிகளும் சில அடிகளில் வீழ்கிறார்கள். எந்த நேரமும் மாறலாம், எவரும் தடுப்பதில்லை. தடுப்பது ஆடுபவரின் மனம் மட்டுமே. ஆசையும் அச்சமும் ஒரே பொத்தானில் வந்து நிற்கின்றன. மணிக்கணக்காக அந்தப் பொத்தானை அழுத்தாமல் தவிர்த்து, நீனாவின் உயிர் தொங்கும் இடத்தில் அழுத்தும்போது, ஆடுபவர் தன் நாயகனின் ஆயுளிலிருந்து ஒரு பங்கைத் தானே அறிந்து வெட்டிக் கொடுக்கிறார். நாவலாசிரியர் பல பக்கம் எழுதி உணர்த்துவதை இந்த ஓர் எண் உணர்த்திவிடுகிறது.

இந்த எண் வெறும் கொடுமை என்றார்கள் சிலர். அப்படியல்ல. தோற்றவர் சேர்த்த திறன்களோடும் பொருள்களோடும் முதலிலிருந்து தொடங்கலாம். திரும்பத் தொடங்கும்போது முன்பு காட்டப்படாத காட்சிகள் திறக்கும், ரியூவின் பின்னமும் உயரக்கூடும். மேலும், கடினம் வேறு, விலை வேறு. கடினத்தைத் திறமையால் வெல்லலாம். விலையை எவ்வளவு திறமையிருந்தாலும் கொடுத்தே ஆகவேண்டும். இந்த வேறுபாட்டை அன்றைய விமர்சகர்கள் பலர் காணவில்லை. தொடரின் பழைய ரசிகர்களில் ஒரு பகுதியினர் கோபித்து விலகினார்கள். அடுத்த பாகம் 2016 இல்தான் ஜப்பானில் இணையவழி விளையாட்டாக வந்தது. மறு ஆண்டே மூடப்பட்டது. இகேஹாராவின் பெயர் இன்று எந்தப் பட்டியலிலும் உரிய இடத்தில் இல்லை.

பின் வந்தவை என்ன செய்தன? பெல்ஜியத்தின் லாரியன் நிறுவனம் 2009 இல் தந்த டிவினிட்டி 2 அருமையான கருவோடு தொடங்குகிறது. டிராகன் வேட்டைக்காரர் டிராகன் வீரராக மாறி, தன் பழைய தோழர்களாலேயே வேட்டையாடப்படுகிறார். ஆனால் வானில் டிராகனாகப் பறக்கும்போது கீழே தரையிலிருந்த எதிரிகள் திரையிலிருந்தே மறைந்துபோகிறார்கள். ஒருவர் டிராகனானதைப் பார்த்து அஞ்ச உலகத்தில் ஆளில்லை. கருவை இயந்திரமே கொன்றுவிட்டது. 2022 இல் வேர்ல்ட் ஒஃப் வோர்கிராஃப்டில் வந்த டிராக்தியர் குலத்தவர் மனித முகத்தையும் டிராகன் உடலையும் பெருநாள் உடுப்பைப் போல மாட்டிக் கழற்றுகிறார்கள். அழகு உண்டு, வலி இல்லை. பிள்ளைகள் முழுமை என்று கொண்டாடுவது இந்த வெறுமையைத்தான்.

எதிர்த்திசையில் நடந்தவர்களும் உண்டு. 2011 இன் ஸ்கைரிமில் நாயகருக்கு டிராகனின் ஆன்மா உண்டு, உடல் இல்லை. அந்தக் கட்டுப்பாடு போற்றத்தக்கது. ஹிடெடகா மியாசாகியின் டார்க் சோல்ஸில் டிராகன் கல்லைப் பயன்படுத்தியவர் சாகும்வரை அந்தத் தோற்றத்திலிருந்து மீளமுடியாது. அவரது எல்டன் ரிங்கில் டிராகன்களின் இதயத்தைத் தின்று சக்தி பெறலாம். தின்னத் தின்ன ஆடுபவரின் கண்கள் மாறும், அந்த வழியில் சென்றவர்கள் இறுதியில் ஊர்ந்து திரியும் இழிந்த பிராணிகளானார்கள் என்று அந்த உலகமே சொல்லும். லாரியன்கூடப் பாடம் படித்திருக்கிறது. 2023 இன் பால்டர்ஸ் கேட் 3 இல் உலகைக் காக்கும் வழிகளில் ஒன்றில் ஒருவர் மூளை தின்னும் பிராணியாக மாறவேண்டும். அது யார் என்ற கேள்வியை ஆடுபவரிடமே விட்டுவிடுகிறது. அந்த கேமின் மிகச் சிறந்த கணம் அதுவே. இவையெல்லாம் இகேஹாரா திறந்த வழியில் வைத்த சிறு அடிகள். அவர் போன தூரம் இன்னும் எவரும் போகவில்லை.

சம்மாந்துறையிலும் ஒலுவிலிலும் தென்கிழக்குப் பல்கலைக்கழகத்தில் கணினியும் தொழினுட்பமும் பயிலும் பிள்ளைகள் நாளை தமிழில் கேம் செய்வார்கள். அவர்களிடம் பெரிய பணம் இருக்காது, நெட்ஹேக்குக்கும் இருக்கவில்லை. மணிமேகலையும் திருமூலரும் ஆயிரத்தொரு இரவுகளும் சோலைக்கிளியும் அவர்களுக்கு உண்டு. சிறகையும் நெருப்பையும் வரைவதற்கு முன் ஒரு கேள்விக்கு அவர்கள் விடை எழுதவேண்டும்: மாறுகிறவர் எதை இழக்கிறார்? அந்த விடை இல்லாத கேமைச் செய்யவேண்டாம். நமது இலக்கியப் பெரியவர்களும் அந்தப் பிள்ளைகளோடு அமர்ந்து டிராகன் குவாட்டரை ஒருமுறை ஆடிப் பார்க்கட்டும். ஒரு நல்ல நாவலுக்குக் கொடுக்கும் கவனத்தை அதற்கும் கொடுத்துவிட்டு, அதன் பின் இந்தத் துறையைப் பற்றித் தீர்ப்புச் சொல்லட்டும்.