நகையும் மருட்கையும்: ஒரு யப்பானியப் பாடல்

யப்பானியச் சிறுமியர் மூவர் பாடிய 'கிமி சொக்கோ' என்னும் பாட்டு 2014 ஆம் ஆண்டு யூடியூபில் வெளிவந்து உலகெங்கும் பரந்தது. அவர்தம் குழு பேபிமெற்றல் எனப்படும். இடியென முழங்கும் கித்தாரிடையே மழலைக் குரல் எழக் கேட்டோர் முதலில் நகைத்தனர், பின்னர் மருண்டனர். தம் மெய்ப்பாட்டைத் தாமே படம்பிடித்து வெளியிட்டோரும் பலர். பாட்டை விடுத்துப் பிறர் முகத்தைக் காண்பதே பொழுதுபோக்காயிற்று, விந்தைதான்!

இஃது இழப்பே என்பது எம் கருத்து. இனிப்பின்மேல் வேட்கையும், உடல் பருக்குமோ என்னும் அச்சமும் ஒருங்கே வருத்தும் இளம் பெண்ணின் நிலையே பாட்டின் பொருள். நகையாய்த் தோன்றினும் அவ்வச்சம் மெய்யானது. அதற்கு அம்முழக்கம் மிகையன்று. 'வெறும் வேடிக்கை' என்பார் இப்பொருத்தத்தை நோக்கிலர். 2016 இல் இலண்டன் வெம்பிளி அரங்கில் அவர் பாடியபோது திரண்டோர் நகைப்பதற்கென வந்தவரல்லர்.