யாருடைய நாக்கு?

வராகமிகிரரின் பிருகத் ஜாதகம் 6ஆம் நூற்றாண்டு நூல். அதில் கிரகங்களுக்குச் சுவை உண்டு: சூரியனுக்குக் கார்ப்பு, சந்திரனுக்கு உப்பு, செவ்வாய்க்குக் கசப்பு, வியாழனுக்கு இனிப்பு, வெள்ளிக்குப் புளிப்பு, சனிக்குத் துவர்ப்பு. புதனுக்கு எல்லாம் கலந்தது. அழகான கற்பனைதான். அரியலூர் மாவட்டத்துக் கங்கைகொண்ட சோழபுரத்தில், ஒரே கல்லில் செதுக்கிய நவக்கிரகத்தின் முன் நிற்கும்போது நானும் மயங்குகிறேன்.

ஆனால் பெண் பார்க்கும் வீட்டில் ருசிப்பது யாருடைய நாக்கு? மூலம் மாமனாருக்கு ஆகாது, ஆயில்யம் மாமியாருக்கு, கேட்டை மூத்த மைத்துனருக்கு, விசாகம் இளையவருக்கு. பெரம்பலூரில் பெண் எடுத்தாலும் அரியலூரில் கொடுத்தாலும் இதே பட்டியல். வருகிறவளுக்கு எது ஆகாது என்ற பேச்சே இதில் இல்லை. ‘ஆண் மூலம் அரசாளும், பெண் மூலம் நிர்மூலம்.’ அதே நட்சத்திரம் அவனிடம் இனிக்கிறது, அவளிடம் கசக்கிறது. முதல் பாதம்தான் தோஷம், மற்றவை பரவாயில்லை என்று சலுகையும் உண்டு; சலுகைக்குப் பவுன் கூடும். பேரம் படிகிற விதி என்ன விதி?

நட்சத்திரங்களை அவற்றின் ஒளியை வைத்தே வகை பிரித்தவர் ஹார்வர்டு வானாய்வகத்தின் ஆனி ஜம்ப் கேனன். சுமார் மூன்றரை லட்சம் நட்சத்திரங்களை ஓ, பி, ஏ, எஃப், ஜி, கே, எம் என்று வெப்ப வரிசையில் நிறுத்தினார். முறையான பதவி கிடைத்தது 1938இல், 74 வயதில். அந்த ஏழு எழுத்துகளை மனப்பாடம் செய்ய மாணவர்களுக்குச் சொல்லித்தந்த ஆங்கில வாக்கியமோ, நல்ல பெண்ணாக இருந்து முத்தம் கொடு என்கிறது. அங்கேயும் ஒரு நாக்கு.

விருச்சிகத்தின் வாலில் இருக்கும் மூலம் கேனனின் வரிசையில் ‘பி’: சூரியனைவிட மிகச் சூடான நீல நட்சத்திரம். கேட்டை ‘எம்’: சிவப்பு, சூடு குறைவு.