நாழிகை அறிந்த பாசி

கடலடியில் ஒளி வீசும் ஒரு செடி. அதை நெருங்குகிறவருக்கு ஒரு நாள் இரண்டு நாளாக நீளும். புனைகதைக்காரர்கள் விரும்பும் இந்தக் கற்பனைக்கு வெகு அருகில் நிற்கும் உயிர் ஒன்று உண்மையிலேயே உண்டு. குளத்திலும் கடலிலும் வாழும் நீலப்பச்சைப் பாசிதான் அது. முப்பது ஆண்டுகளுக்கும் மேலாக அதை ஒளிரச் செய்தும், அதன் நாளை நீட்டியும் குறுக்கியும் ஆராய்ந்து வருகிறார்கள். அந்த ஆய்வுகளை வரிசையாக வைத்துப் பார்த்தால் ஒரு முடிவுக்கு வந்தே ஆக வேண்டியிருக்கிறது: நாழிகை அறிய மூளை வேண்டாம், நரம்பு வேண்டாம், மூன்று புரதங்கள் போதும். உயிரின் காலக்கணக்கு அதன் வேதியியலிலேயே தொடங்கிவிடுகிறது.

தாவரங்களுக்கு இரவு பகல் தெரியும் என்பது பழைய செய்தி. துறையூர்ப் பக்கம் அந்தி சாயும்போது புளியிலை கூம்புவதைக் கவனிக்காத பிள்ளை இருக்க முடியாது. அலெக்சாண்டரின் காலத்து ஆண்ட்ரோஸ்தனிஸ், இன்றைய பஹ்ரைனாகிய டைலோஸ் தீவில் இதே புளியிலையின் உறக்கத்தைக் கண்டு பதிவு செய்தார். வெயில் போனது, இலை மூடியது என்று சொல்லிவிட்டால் விஷயம் அத்தோடு முடிந்துவிடும். ஆனால் 1729-இல் பிரெஞ்சு வானியலாளர் தெ மைரான் தொட்டாற்சிணுங்கியை இருட்டில் வைத்துப் பார்த்தார். வெளிச்சமே படாமலும் அது பகலில் இலை விரித்தது, இரவில் மூடியது. கடலும் இதற்குச் சாட்சி சொன்னது. 2019 ஆகஸ்டில் சென்னைக் கடற்கரையில் அலைகள் நீலமாக மின்னியது நாக்டிலூக்கா என்னும் ஒற்றைச்செல் உயிரால். அதன் உறவான கோன்யாலாக்ஸை 1950-களில் ஹேஸ்டிங்ஸும் பியாட்ரிஸ் ஸ்வீனியும் மாறாத மங்கிய வெளிச்சத்தில் வைத்து ஆராய்ந்தார்கள். இரவே வராத அந்த இடத்திலும், ஏறக்குறைய 24 மணி நேரத்துக்கு ஒருமுறை அதன் ஒளி ஏறி இறங்கியது.

நீலப்பச்சைப் பாசிக்கு இப்படி மின்னும் இயல்பு இல்லை. அது பாக்டீரியா இனத்தது. ஒரு நாளுக்குள் பல முறை பிரியக்கூடிய உயிருக்கு நாள் கணக்கு எதற்கு என்றே பலரும் நினைத்தார்கள். 1993-இல் டகாவோ கோண்டோ, கார்ல் ஜான்சன், சூசன் கோல்டன் முதலியோர் ஒரு கடல் பாக்டீரியாவின் ஒளி மரபணுவை சினெகோகாக்கஸ் என்னும் நன்னீர்ப் பாசிக்குள் பொருத்தினார்கள். பாசி ஒளிர்ந்தது, நாள்தோறும் கூடியும் குறைந்தும் ஒளிர்ந்தது. அடுத்த ஆண்டே, மரபணு பிறழ்ந்த பாசிகளில் 16 மணி நேரத்தில் ஒரு 'நாளை' முடிப்பவையும், அதற்கு 60 மணி நேரம் எடுத்துக்கொள்பவையும் கண்டறியப்பட்டன. காலத்தை வளைக்கும் செடிக்கு இதைவிட நெருங்கிய உண்மை இல்லை. 1998-இல் இதற்குக் காரணமான கைஏ, கைபி, கைசி என்னும் மரபணுக்கள் பிடிபட்டன. சுழற்சியைக் குறிக்கும் ஜப்பானியச் சொல்லிலிருந்து வந்த பெயர் அது. 2005-இல் அம்மூன்று புரதங்களையும், ஆற்றல் தரும் ஏடிபியையும் சோதனைக்குழாயில் கலந்தார்கள். செல்லே இல்லாத அந்த நீரில் கடிகாரம் ஓடியது. ஆறு துண்டுகள் சேர்ந்த வளையமாகிய கைசி மீது பாஸ்பேட்டுகள் ஏறுகின்றன, பிறகு இறங்குகின்றன. ஒரு சுற்றுக்கு ஏறக்குறைய ஒரு நாள். அந்த ஆறு துண்டுகளில் ஒவ்வொன்றும் நாள் முழுதும் செலவிடும் ஏடிபி சுமார் 15 தான். இவ்வளவு நிதானமாக வேலை செய்வதால்தான் அதனால் ஒரு நாளை அளக்க முடிகிறது.

காலக்கணக்கு வேதியியலிலேயே தொடங்குகிறது என்னும் முடிவுக்கு மறுப்புகள் உண்டு. வேதிவினை என்றால் சூட்டில் விரைய வேண்டாமா? பெரும்பாலான வினைகள் பத்து டிகிரி கூடினால் இரண்டு மடங்கு வேகம் பெறும். இந்தக் கலவையோ 25 முதல் 35 டிகிரி வரை ஏறக்குறைய ஒரே கதியில் ஓடுகிறது. பாசியின் கணக்கு மனிதருக்குப் பொருந்துமா என்பது அடுத்தது. நம் கடிகாரப் புரதங்கள் வேறு. 2017-இல் நோபல் பரிசு பெற்ற பழ ஈ ஆய்வுகள் காட்டிய மரபணுச் சுழற்சியே நமக்கு நெருக்கம். இதை ஒப்புக்கொள்ளத்தான் வேண்டும். ஆனால் வேறுவேறு பொருட்களைக் கொண்டு இயற்கை அதே கடிகாரத்தைத் திரும்பத் திரும்பக் கட்டியிருப்பது, அது எவ்வளவு இன்றியமையாதது என்பதையே காட்டுகிறது. அப்படியானால் நாளை நீட்டிக்கொள்வது நல்லதுதானே என்று கேட்கலாம். இதற்கு 1998-இல் நடந்த போட்டிச் சோதனை பதில் சொல்கிறது. இயல்பான பாசியோடு பிறழ்ந்த பாசியைக் கலந்து வளர்த்தார்கள். 22 மணி நேர இரவு பகலில் 23 மணிக் கடிகாரம் கொண்டது பெருகியது. 30 மணி நேரச் சுற்றில் 30 மணிக் கடிகாரம் கொண்டது பெருகியது. 24 மணி நேரத்தில் இயல்பானதே நிலைத்தது. நீட்டலும் குறுக்கலும் வரமல்ல. சூழலோடு ஒத்த கணக்கே பிழைக்கிறது. இரவுப் பணியால் உறக்கம் கெடும் தொழிலாளர்களைப் பற்றி யோசிக்கும்போது இந்தப் பாசியின் பாடம் நினைவில் இருக்க வேண்டும்.

தமிழகத்துக்கு இத்துறையில் இரண்டு வேர்கள் உண்டு. சென்னைப் பல்கலைக்கழகத்தின் தேசிகாச்சாரி 1959-இல் வெளியிட்ட 'சயனோபைட்டா' நூல் நீலப்பச்சைப் பாசிகளை இனம்காண உலகமே நாடிய கையேடு. திருச்சி பாரதிதாசன் பல்கலைக்கழகத்தில் 1991-இல் அமைந்த கடல் நீலப்பச்சைப் பாசிக்கான தேசிய மையம் அந்த வழியில் வந்தது. இன்னொரு வேர் எம்.கே. சந்திரசேகரன். சென்னைக் கடற்கரை மணலில் புதையும் சிறு நண்டின் ஓத ஒழுங்கை ஆராயத் தொடங்கிய அவர், மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் வௌவால்களின் கடிகாரத்தையும், வெளியுலகின் நேரம் தெரியாத தனியறையில் இருந்த மனிதர்களின் கடிகாரத்தையும் ஆராய்ந்தார். திருச்சியில் பாசி இருக்கிறது. மதுரை உருவாக்கிய ஆய்வு முறை இருக்கிறது. இரண்டையும் ஒரே திட்டத்தில் இணைத்து, நம் கடலின் பாசிகளுக்கு எத்தனை மணி நேரம் ஒரு நாள் என்பதை நம் மாணவர்களே அளந்து சொல்ல நம் பல்கலைக்கழகங்கள் வழி செய்ய வேண்டும்.